கேபிள் ட்ரே: தொய்வு, சூடு, ஷாக், துரு – அறிகுறியைப் பார்த்துக் கோளாறைப் பிடிக்கும் வழி

ஓசூர் சிப்காட், பர்கூர், காவேரிப்பட்டணம், தருமபுரி என்று எங்கே பராமரிப்பு வேலை பார்த்தாலும் கேபிள்களைத் தாங்கிச் செல்லும் தட்டான ட்ரேயைப் பற்றி நேரடியாகப் புகார் வருவது அரிது. ஃபீடர் (பேனலிலிருந்து மின்சாரம் கொண்டுபோகும் இணைப்பு) ட்ரிப் ஆகிறது, சென்சார் தப்பாகக் காட்டுகிறது, கேபிள் கிழிந்துவிட்டது என்றுதான் சொல்வார்கள். நாமும் கேபிளை மாற்றிவிட்டு வந்துவிடுகிறோம். ட்ரே அப்படியே இருக்கிறது; கொஞ்ச நாளில் அதே இடத்தில் புதுக் கேபிளும் போகிறது. ஒரு கேபிள் எவ்வளவு ஆம்பியர் தாங்கும், எத்தனை வருஷம் உழைக்கும் என்பதில் பாதியை அது படுத்திருக்கும் ட்ரேதான் முடிவு செய்கிறது. அதனால் கீழே ஒவ்வொரு அறிகுறிக்கும், கேபிளை மாற்றும் முன் ட்ரேயில் எதைப் பார்க்க வேண்டும் என்று எழுதுகிறேன்.

ஏறுவதற்கு முன்

ட்ரேயில் போகும் எல்லா ஃபீடரையும் முதலில் பட்டியல் எடுங்கள். ஒரே ட்ரேயில் மூன்று பேனலின் கேபிள்கள் போகலாம். ஒரு பேனலை மட்டும் ஆஃப் செய்துவிட்டு ஏறுவது மிகவும் ஆபத்து. பிரேக்கரை ஆஃப் செய்து, பூட்டுப் போட்டு, அட்டை மாட்டி, சாவியை வேலை செய்பவரே வைத்துக்கொண்டு, கேபிள் முடியும் இடத்தில் சப்ளை இல்லை என்று டெஸ்டரால் பார்த்த பிறகே கை வைக்க வேண்டும். ஜெனரேட்டர், சோலார், யு.பி.எஸ். வழியாக மறுபக்கத்திலிருந்து சப்ளை ஏறுமா என்பதையும் பாருங்கள். ட்ரே நடைபாதை இல்லை. அதன் மேல் ஏறி நடக்கக் கூடாது, பெல்ட்டின் கொக்கியை அதில் மாட்டவும் கூடாது. உறுதியான கட்டிட உத்திரத்தில் மாட்டுங்கள்.

ட்ரே நடுவில் தொய்கிறது

இரண்டு சப்போர்ட்டுக்கு இடையே ஒரு நூலை இழுத்துக் கட்டி, நடுவில் எவ்வளவு இறங்கியிருக்கிறது என்று அளந்து பாருங்கள். ட்ரேக்கான சர்வதேசத் தரமான ஐ.இ.சி. 61537-இன்படி, அனுமதித்த எடையில் தொய்வு சப்போர்ட் இடைவெளியில் நூற்றில் ஒரு பங்கைத் தாண்டக் கூடாது. 2 மீட்டர் இடைவெளி என்றால் 20 மி.மீ. அதற்குள் இருந்து, வருஷா வருஷம் கூடாமலும் இருந்தால் விட்டுவிடலாம். தாண்டினால் காரணம் தேட வேண்டும்.

முதலில் பார்க்க வேண்டியது இடைவெளி. 1.5 மீட்டருக்கு ஒரு சப்போர்ட் என்று வரைபடத்தில் இருக்கும். தளத்தில் உத்திரம் 2 மீட்டரில் கிடைத்தது என்று அங்கேயே மாட்டியிருப்பார்கள். அரை மீட்டர்தானே என்று தோன்றும். ஆனால் ஒரே எடை பரவலாக இருக்கும்போது தொய்வு இடைவெளியின் நான்காம் அடுக்கில் கூடும். 1.5 மீட்டர் 2 மீட்டர் ஆனால் தொய்வு 3 மடங்கைத் தாண்டிவிடும். இடைவெளி இரட்டித்தால் 16 மடங்கு. ஆக, கனமான ட்ரேயை வாங்கிப் போடுவதைவிட இடையில் ஒரு சப்போர்ட்டைச் சேர்ப்பது மலிவு, பலனும் அதிகம்.

அடுத்தது ஜாயின்ட். இரண்டு ட்ரே சேரும் கப்ளர் பிளேட் சப்போர்ட்டின் நேர் மேலேயோ, இரண்டு சப்போர்ட்டின் சரி நடுவிலோ இருக்கக் கூடாது. வளைக்கும் விசை மிக அதிகமாக விழும் இடங்கள் அவை இரண்டுமே. இடைவெளியில் கால் பங்கு தூரத்தில் ஜாயின்ட் வந்தால் விசை குறைவு. நிறையப் பேர் சப்போர்ட் மேலே ஜாயின்ட் வந்தால் பலம் என்று நினைத்து, வேண்டுமென்றே அப்படி வைக்கிறார்கள். ட்ரேயின் கடைசி முனை இன்னும் கவனம் வேண்டிய இடம்: அங்கே இடைவெளியைக் குறைத்துக்கொள்ளுங்கள், கடைசி இடைவெளிக்குள் ஜாயின்ட் வேண்டாம்.

பிறகு எடை. ட்ரே போட்டபோது நான்கு கேபிள் இருந்திருக்கும்; இன்று பன்னிரண்டு இருக்கும். 240 சதுர மி.மீ. 3.5 கோர் (மூன்று முழுக் கடத்தி, ஒரு பாதி அளவு நியூட்ரல்) அலுமினிய ஆர்மர் (உலோகக் கவசம் போட்ட) கேபிள் மீட்டருக்குச் சுமார் 4 முதல் 5 கிலோ. ஆறு கேபிள் என்றால் மீட்டருக்கு 30 கிலோ வரை போகும். 2 மீட்டர் இடைவெளியில் ஒரு சப்போர்ட் 60 கிலோவையும் அதோடு ட்ரேயின் எடையையும் தாங்க வேண்டும். கேபிள் கம்பெனி அட்டவணையில் எடை இருக்கும், ட்ரே கம்பெனி அட்டவணையில் அந்த இடைவெளிக்கான தாங்கு எடை இருக்கும். இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். புதிதாக வாங்கும்போதே கால் பங்கு இடத்தையும் எடையையும் வருங்காலத்துக்கு என்று விட்டு எடுங்கள். எல்லாத் தொழிற்சாலையும் வளரும், கேபிளும் கூடும்.

கிரானைட் அறுக்கும், பாலிஷ் போடும் யூனிட்டுகளில் இன்னொரு எடை உண்டு. கல்தூள் கலந்த தண்ணீர் தெறித்துத் தெறித்து, துளை போட்ட ட்ரேயின் துளைகளை அடைத்து, மேலே படிந்து இறுகிவிடும். பர்கூர், கிருஷ்ணகிரி பக்கம் இதை அடிக்கடி பார்க்கலாம். எடையும் ஏறுகிறது, கேபிளின் சூடு வெளியேறவும் வழி இல்லை. அங்கே தரையில் படுத்த மாதிரி ட்ரே போடாமல், சுவரோடு பக்கவாட்டில் நிறுத்தி, ஏணி போல இருக்கும் லேடர் ட்ரேயைப் பொருத்துங்கள். கேபிளைச் சாடலால் (பட்டைப் பிடிப்பால்) பிடித்துவிட்டால் சேறு நிற்க இடமே இருக்காது.

கடைசியாக, சப்போர்ட்டையே பாருங்கள். இன்று பெரும்பாலான ஷெட்டுகள் பி.இ.பி. (ஆலையில் செய்து கொண்டுவந்து பொருத்தும் இரும்பு) கட்டிடங்கள். கூரைத் தகட்டைத் தாங்கும் சட்டமான பர்லினில், கிடைத்த இடத்தில் ராடைத் தொங்கவிடுகிறார்கள். அந்தப் பர்லினை இவ்வளவு கூடுதல் எடைக்குக் கணக்கிட்டிருக்கிறார்களா என்று கட்டிடம் வடிவமைத்தவரிடம் எழுத்தில் கேட்டு வாங்க வேண்டும். பர்லினில் வெல்டிங் அடிப்பதும், அதன் ஓர மடிப்பில் கிளாம்ப் மாட்டுவதும் கூடாது. கான்கிரீட் என்றால் ஆங்கரைக் கையால் ஆட்டிப் பாருங்கள். ஆடினால் அதை முறுக்கி இறுக்குவதில் பலன் இல்லை, வேறு இடத்தில் புதிதாகத் துளைக்க வேண்டும்.

கேபிள் சுடுகிறது, லோடு சரியாக இருந்தும் ட்ரிப் ஆகிறது

டாங் டெஸ்டரில் (கேபிளைக் கவ்விக் கரண்டை அளக்கும் மீட்டர்) பார்த்தால் 150 ஆம்பியர்தான் ஓடுகிறது, கேபிள் 200 ஆம்பியர் தாங்கும் என்று புத்தகம் சொல்கிறது, ஆனாலும் கேபிள் கொதிக்கிறது. இந்தப் புகாரில் பிரேக்கரை மாற்றுகிறார்கள், லக்கை (கேபிள் முனையில் மாட்டும் இணைப்பை) மாற்றுகிறார்கள். லக் தளர்ந்திருந்தால் முனை மட்டும் சுடும். நீளம் முழுக்கச் சுட்டால் ட்ரேயில்தான் தேட வேண்டும். இந்த ஒரு வித்தியாசத்தைத் தெர்மல் கேமராவில், இல்லையென்றால் சாதாரண இன்ஃப்ராரெட் தெர்மாமீட்டரில் பார்த்துவிட்டே அடுத்த வேலைக்குப் போங்கள்.

புத்தகத்தில் இருக்கும் 200 ஆம்பியர், ஒரே ஒரு கேபிள், காற்றில், 40 டிகிரி சுற்றுச்சூட்டில் என்ற கணக்கு. நம் ட்ரேயில் ஒன்பது கேபிள் தொட்டுத் தொட்டு ஒரே அடுக்காகக் கிடந்தால், துளை ட்ரேக்கு அதை 0.72 ஆல் பெருக்க வேண்டும்: 144 ஆம்பியர். தகரக் கூரைக்குக் கீழே மே மாதம் 50 டிகிரி இருந்தால், எக்ஸ்.எல்.பி.இ. இன்சுலேஷன் உள்ள கேபிளுக்கு இன்னொரு 0.89: சுமார் 128 ஆம்பியர். அதே ஒன்பது கேபிளை அடுக்காமல் கட்டாகச் சுருட்டிப் போட்டிருந்தால் 0.72 போய் 0.50 ஆகும், 50 டிகிரியில் மிஞ்சுவது 89 ஆம்பியர். ஒரே போர்வைக்குள் ஒன்பது பேர் படுத்தால் நடுவில் இருப்பவர் படும் பாடுதான் நடுக் கேபிளுக்கும். கேபிளும் மாறவில்லை, லோடும் மாறவில்லை. கிடக்கும் விதமும் சுற்றுச்சூடும் மாறியதில் தாங்கும் திறன் பாதிக்கும் கீழே போய்விட்டது.

எனவே செய்ய வேண்டியது: கட்டுகளை அவிழ்த்து ஒரே அடுக்காகப் பரப்புங்கள். அகலம் போதவில்லையா, மேலே இன்னொரு ட்ரே போடுங்கள். இரண்டுக்கும் நடுவில் கை நுழைந்து வேலை செய்யும் அளவு, 300 மி.மீ. வரை இடம் விடுங்கள். மூடி போட்டிருந்தால், அது தேவையா என்று கேளுங்கள். வெளியில் வெயிலுக்கு, மேலிருந்து சொட்டும் தண்ணீருக்கு மூடி வேண்டும். உள்ளே சும்மா அழகுக்குப் போட்ட மூடி சூட்டை அடைக்கிறது. எப்போதாவது மட்டும் ஓடும் ஸ்டேண்ட்பை கேபிள்களைக் கணக்கில் எப்படிச் சேர்ப்பது என்று கேட்பார்கள். குழுவில் தனக்குரிய அளவில் 30 சதவீதத்துக்கு மேல் ஓடாத கேபிளை, மற்றவற்றின் கணக்கில் சேர்க்க வேண்டாம் என்று ஐ.இ.சி. விதியே சொல்கிறது. அதை வைத்து எத்தனை கேபிள் உண்மையில் சூட்டைத் தருகிறது என்று எண்ணுங்கள்.

பி.வி.சி. கேபிள் என்றால் இன்னும் எச்சரிக்கை வேண்டும். அதன் கடத்தி 70 டிகிரி வரைதான் போகலாம், எக்ஸ்.எல்.பி.இ. 90 வரை. 50 டிகிரி கூரைக்குக் கீழ் பி.வி.சி.யின் திறன் 0.82 ஆகக் குறையும். ஓசூரில் சரியாக ஓடியதே என்று அதே வடிவமைப்பைத் தருமபுரியில் போட்டு மாட்டிக்கொள்பவர்கள் உண்டு. ஓசூர் மேட்டு நிலம், கோடையிலும் கொஞ்சம் தணிவு. தருமபுரியின் வெயில் வேறு.

சிங்கிள் கோர்: கிளாண்ட் பிளேட் சுடுகிறது, ட்ரே அதிர்கிறது

சிங்கிள் கோர் (ஒரே கடத்தி உள்ள) கேபிளில் மூன்று ஃபேஸையும் இரும்புத் தகட்டின் தனித்தனித் துளை வழியே விட்டிருந்தால், காந்தப்புலம் சுற்றி அந்தத் தகடே சுடும். கேபிள் பேனலுக்குள் நுழையும் அந்தத் தகட்டை, அதாவது கிளாண்ட் பிளேட்டை, அலுமினியமாக மாற்றுங்கள். ஆர்மர் இருந்தால் அதுவும் அலுமினியமாகவே இருக்க வேண்டும். ட்ரேயில் மூன்று ஃபேஸையும் முக்கோணமாகச் சேர்த்து, ட்ரெஃபாயில் கிளாம்ப் போட்டுப் பிடியுங்கள். ஷார்ட் சர்க்யூட் வரும் நேரத்தில் கேபிள்கள் ஒன்றையொன்று பலமாகத் தள்ளும். நைலான் டை அதைத் தாங்காது. ஃபேஸுக்கு இரண்டு கேபிள் என்றால் சிவப்பு-மஞ்சள்-நீலம் ஒரு முக்கோணம், மறுபடி சிவப்பு-மஞ்சள்-நீலம் ஒரு முக்கோணம் என்று வையுங்கள். இரண்டு சிவப்பையும் பக்கத்தில் வைத்தால் கரண்ட் சமமாகப் பிரியாது; ஒன்று சும்மா இருக்க இன்னொன்று சுடும்.

ட்ரேயைத் தொட்டால் ஷாக்

இதில் தாமதம் கூடாது. ஆட்களை விலக்கி, கயிறு கட்டி, அந்த ட்ரேயின் ஃபீடர்களை ஆஃப் செய்துவிட்டுத்தான் ஆராய்ச்சி. ‘லேசாத்தாண்ணே அடிக்குது’ என்று ஹெல்பர் சொன்னாலும் இதே நடைமுறைதான்.

ட்ரே அடிக்கிறது என்றால் இரண்டு தவறுகள் சேர்ந்து நடந்திருக்கலாம்: எங்கோ கேபிள் இன்சுலேஷன் போயிருக்கிறது, கூடவே ட்ரேக்கு எர்த் இல்லை. எர்த் சரியாக இருந்திருந்தால் இன்சுலேஷன் போனவுடனே பிரேக்கர் விழுந்திருக்க வேண்டும். கேபிளை மட்டும் சரிசெய்தால் பாதி வேலைதான் முடிந்தது. சில சமயம் கேபிள் நல்லபடியாக இருந்தும், எர்த் இல்லாத ட்ரேயில் பக்கத்துக் கேபிள்களால் தூண்டப்பட்ட மின்னழுத்தம் டிஜிட்டல் மீட்டரில் சில பத்து வோல்ட் காட்டும். டெஸ்ட் லாம்ப் மாதிரி லோடு வைத்து அளந்தால் அது விழுந்துவிடும். விழாமல் நின்றால் உண்மையான கசிவு. அதைத் தேட, ஃபீடர்களை ஒவ்வொன்றாகப் பிரித்து மெகர் (இன்சுலேஷனைச் சோதிக்கும் மீட்டர்) போட வேண்டும்.

எர்த்தைச் சோதிக்க, சப்ளை இல்லாத நிலையில் ஒவ்வொரு ஜாயின்ட்டின் இரு பக்கமும் மில்லி ஓம் மீட்டரை வையுங்கள். ஜாயின்ட்டில் 50 மில்லி ஓமுக்குள், ஜாயின்ட் இல்லாத நீளத்தில் மீட்டருக்கு 5 மில்லி ஓமுக்குள் இருக்க வேண்டும். பவுடர் கோட்டிங் ட்ரேயில்தான் இது அதிகம் தவறும்: பெயிண்ட் மேல் பெயிண்டாக கப்ளர் உட்கார்ந்திருக்கும், கண்ணுக்கு இறுக்கமாகத் தெரியும், மின்சாரத்துக்குத் தொடர்பே இருக்காது. பல் வைத்த வாஷர் போட்டுப் பெயிண்ட்டைக் கீறிவிட வேண்டும், அல்லது ஒவ்வொரு ஜாயின்ட்டிலும் ஜம்பர் ஒயர் போட வேண்டும். என் விருப்பம், ட்ரே முழு நீளத்துக்கும் ஒரு ஜி.ஐ. பட்டையை (துத்தநாகம் பூசிய இரும்பு) ஓட்டி, இடையிடையே ட்ரேயோடு போல்ட் போட்டு, இரு முனையையும் எர்த் கிரிட்டில் சேர்ப்பது. நாளைக்கு யாராவது நடுவில் ஒரு துண்டைக் கழற்றினாலும் தொடர்பு அறாது. வெறும் செம்புப் பட்டையை ஜி.ஐ. ட்ரேயில் படுக்க வைக்காதீர்கள். ஈரம் பட்டால் துத்தநாகத்தைத் தின்றுவிடும். செம்புதான் வேண்டும் என்றால் வெள்ளீயம் (டின்) பூசியது போடுங்கள்.

துரு

துருவின் நிறத்தையும் இடத்தையும் பாருங்கள். புது ட்ரேயில் வெள்ளைப் பொடி படிந்திருந்தால், மழையில் ஒன்றன் மேல் ஒன்றாக அடுக்கி வைத்ததால் வந்தது. லேசாக இருந்தால் பிரஷ் போட்டுத் துடைத்துவிட்டுக் காற்றாட வையுங்கள். வெட்டிய முனையிலும் துளை போட்ட இடத்திலும் மட்டும் செந்துரு என்றால், அறுத்தவர் துத்தநாகப் பெயிண்ட் அடிக்காமல் விட்டிருக்கிறார். தேய்த்துச் சுத்தம் செய்து அடித்தால் போதும். முழுப் பரப்பும் செந்துரு என்றால் வாங்கியதே அந்த இடத்துக்குப் பொருந்தாதது.

ஜி.ஐ. ட்ரே என்று ஒரே பெயரில் இரண்டு பொருள் விற்கிறார்கள். ஏற்கெனவே துத்தநாகம் பூசிய தகட்டை வெட்டி மடக்கியது ஒன்று. அதில் நல்ல ரகமான 275 ஜி.எஸ்.எம். (சதுர மீட்டருக்கு இரு பக்கமும் சேர்த்து 275 கிராம் துத்தநாகம்) தகட்டில்கூட ஒரு பக்கத்துக்குச் சுமார் 20 மைக்ரான்தான் பூச்சு. வெட்டிய ஓரங்கள் வெறுமையாகவே இருக்கும். இன்னொன்று, ட்ரேயாகச் செய்து முடித்த பிறகு உருக்கிய துத்தநாகத்தில் முக்கியெடுத்த ஹாட் டிப். 1.5 மி.மீ. முதல் 3 மி.மீ. வரையான இரும்புக்கு அதன் சராசரிப் பூச்சு குறைந்தது 55 மைக்ரான் இருக்க வேண்டும். ஓரமும் துளையும் சேர்த்தே பூசப்பட்டிருக்கும். முதல் வகை பளபளவென்று இருக்கும், இரண்டாவது மங்கிய சாம்பல், அங்கங்கே சொட்டு உறைந்திருக்கும். பளபளப்பைப் பார்த்து வாங்கினால் ஏமாற்றம்தான். ஏ.சி. அறைக்குள், காய்ந்த பேனல் ரூமுக்குள் முதல் வகை தாராளமாகப் போதும். வெளியில், ஈரத்தில் ஹாட் டிப். லோடு இறங்கும்போதே பூச்சுத் தடிமன் மீட்டரை வைத்து அளந்து வாங்குங்கள்.

மாங்கூழ்த் தொழிற்சாலையில் ஹாட் டிப்பும் தோற்கும். மாம்பழச் சாறு அமிலம். பைப்பையும் தொட்டியையும் கழுவ விடும் காஸ்டிக் சோடா கடுங்காரம். துத்தநாகம் இரண்டிலும் கரையும். பெங்களூரா மாங்காய் வந்து குவியும் அந்த இரண்டு மூன்று மாதத்தில் நீராவி, சாறு, கழுவு நீர் மூன்றும் ட்ரே மேல் படுகிறது; மீதி வருஷம் பூட்டிக் கிடக்கும் ஷெட்டில் அந்தக் கறை அங்கேயே இருந்து அரிக்கிறது. கழுவும் பகுதிக்கு 304 அல்லது 316 ஸ்டெயின்லெஸ், இல்லையென்றால் எஃப்.ஆர்.பி. (கண்ணாடி இழை சேர்த்த பிளாஸ்டிக்) ட்ரே போடுங்கள். குளோரின் கலந்த நீர் தெறிக்கும் இடம் என்றால் 316 தான். எஃப்.ஆர்.பி. மின்சாரம் கடத்தாது, ஆகையால் எர்த் கடத்தி தனியாக ஓட வேண்டும். தீயை எளிதில் பற்றாத ரகமாகவும் கேட்டு வாங்குங்கள். பூச்சு வகையை மாற்றப் பணம் இல்லாத யூனிட் செய்யக்கூடியது ஒன்று உண்டு: சீசன் முடிந்ததும் அந்த வரிசையை ஷட்டவுன் செய்து, ட்ரேயைச் சுத்தமான தண்ணீரில் கழுவித் துடைத்துக் காயவிட்டுப் பூட்டுவது. பழுதுபார்ப்பையும் அப்போதே முடியுங்கள். லாரிகள் வரிசையில் நிற்கும் ஜூன் மாதத்தில் யாரும் உங்களுக்கு ஷட்டவுன் தரமாட்டார்கள்.

வளைவில் கேபிள் தோல் கிழிகிறது

பல கோர் ஆர்மர் கேபிளை அதன் விட்டத்தைப் போல 12 மடங்குக்குக் குறைவான ஆரத்தில் வளைக்கக் கூடாது, சிங்கிள் கோர் என்றால் 15 மடங்கு. 50 மி.மீ. விட்டக் கேபிளுக்கு 600 மி.மீ. ஆரமுள்ள வளைவு வேண்டும். கடையில் கையிருப்பில் இருக்கிறது என்று 300 வாங்கிப் போட்டால் கேபிள் உள் ஓரத்தில் அழுந்தி நிற்கும். ட்ரேயைத் தளத்திலேயே அறுத்து மடக்கிச் செய்யும் வளைவு இதைவிட மோசம். கூரான முனை உள்ளே நீட்டிக்கொண்டிருக்கும். அரம் போட்டு முனையை மழுக்குங்கள், அல்லது ரெடிமேட் வளைவே வாங்குங்கள். கப்ளர் போல்ட்டையும் கவனியுங்கள்: வழுவழுப்பான தலை உள்ளே, நட்டு வெளியே. மாற்றிப் போட்டால் கேபிள் இழுக்கும்போது மரை தோலைக் கிழித்துக்கொண்டே போகும்.

செங்குத்தாக ஏறும் ட்ரேயில் மேலே பேனலுக்குள் கிளாண்ட் (கேபிளை நுழையும் இடத்தில் பிடிக்கும் பொருத்தி) கழன்று வருகிறதா? கேபிளின் முழு எடையும் கிளாண்டில் தொங்குகிறது. லேடர் ட்ரே போட்டு, ஒரு மீட்டருக்குள் ஒரு கிளாம்ப் பிடித்தால் நின்றுவிடும்.

வெளியில் நீளமாக ஓடும் ட்ரே வளைந்து நெளிந்தால் வெயில் காரணம். 40 டிகிரி ஏற்ற இறக்கத்துக்கு 30 மீட்டர் இரும்பு ட்ரே சுமார் 14 மி.மீ. நீளும். நீள்துளை உள்ள விரிவு கப்ளர் போடுங்கள், அதில் எர்த் ஜம்பர் கட்டாயம்.

சென்சார் தப்பாகக் காட்டுகிறது

வி.எஃப்.டி.யை (மோட்டார் வேகத்தை மாற்றும் கருவியை) நிறுத்திப் பாருங்கள். அளவு உடனே சரியானால் சென்சார் நல்லது, வழிதான் கெட்டது. பவர் கேபிளும் சிக்னல் கேபிளும் ஒரே ட்ரேயில் போகின்றன. தனி ட்ரே, இடையில் 300 மி.மீ.; குறுக்கே கடக்க வேண்டுமானால் செங்கோணத்தில். இடமே இல்லாவிட்டால் நடுவில் இரும்புத் தடுப்புத் தகடு வைத்து, அதையும் எர்த் செய்யுங்கள். வி.எஃப்.டி. மோட்டார் கேபிளின் ஸ்கிரீன் (கடத்திகளைச் சுற்றிய உலோக உறை) இரு முனையிலும் எர்த் ஆக வேண்டும். 4–20 மில்லி ஆம்பியர் சிக்னல் ஸ்கிரீன் பொதுவாக ஒரு முனையில் மட்டும்.

எலி கடித்தால் எலியைப் பிடிப்பதோடு நிறுத்தாமல், ட்ரே சுவரைத் துளைத்து நுழையும் ஓட்டையை அடையுங்கள். அங்கே சிமெண்டைப் பூசாதீர்கள், தீத்தடுப்புப் பொருளே வையுங்கள். அந்த ஓட்டை வழியாகத்தான் தீயும் அடுத்த அறைக்குப் போகும்.

சப்ளை திரும்பக் கொடுக்கும் முன்

வி.எஃப்.டி., மீட்டர் போன்ற எலக்ட்ரானிக் பொருள்களைக் கழற்றிவிட்டுக் கேபிளை மெகர் செய்யுங்கள். எர்த் தொடர்பை முனைக்கு முனை பாருங்கள். ட்ரேக்குள் அறுத்த துண்டு, ஸ்பேனர், இரும்புத்தூள் கிடக்கிறதா என்று ஒருவர் நடந்து பார்க்க வேண்டும். ஃபீடர்களை ஒவ்வொன்றாக ஏற்றி, முழு லோடில் சில மணி நேரம் ஓடிய பிறகு நடுக் கேபிளின் சூட்டை அளந்து, தேதியோடு எழுதி வையுங்கள். இறுக்கிய ஒவ்வொரு கப்ளரிலும் நட்டு, போல்ட் இரண்டின் மேலும் சேர்த்து பெயிண்ட்டால் ஒரு கோடு போடுங்கள். ஒரு மாதம் கழித்து வந்து பார்க்கும்போது கோடு விலகிய இடம் தரையிலிருந்தே தெரியும், அதை மட்டும் மறுபடி இறுக்கினால் போதும்.